முடியாததை முதலில் சொல்பவனின் அக்கா

வீட்டைப் பூட்டிவிட்டுத் தெருமுனைவரை போய், பூட்டினோமா என்று பார்க்கத் திரும்பி வருகிறவள் அவள். பூட்டு பூட்டியபடியேதான் இருக்கும். ஒருமுறை இழுத்துப் பார்த்துவிட்டுப் போவாள். பேருந்தில் ஏறிய பிறகு, இழுத்துப் பார்த்தது இன்றைக்கா நேற்றா என்று சந்தேகம் வரும். அவள் கணவர் பல் கட்டும் கூடத்தில் வேலை செய்கிறவர். யாரோ ஒருவரின் வாய்க்குப் பொருந்த வேண்டிய பல்லை மெழுகில் செதுக்கிக்கொண்டு, நாள் முழுக்க ஒரே நாற்காலியில் இருக்கக்கூடியவர். "நீ உட்கார்ந்து நான் பார்த்ததே இல்ல. கல்யாண போட்டோல கூட எங்கேயோ கிளம்புற மாதிரிதான் நிக்கிற" என்பார்.

இந்தக் குணம்தான் அவளுக்குச் சோறு போட்டது. பல வருடம் ஒரு மொத்த விற்பனைக் கிடங்கில் கொள்முதல் பிரிவில் இருந்தாள். கிடங்கு கைமாறியது, பிரிவை மூடினார்கள். வீட்டில் சும்மா இருந்த மாதங்களில் சமையலறை அலமாரியை அடுக்குவதும் கலைப்பதுமாக இருந்தாள். டப்பாக்கள் தினமும் இடம் மாறின. "உப்பு எங்கேன்னு கேட்டா வழி சொல்றதுக்கு ஒரு ஆள் போடணும் போலிருக்கே" என்று கணவர் சொன்ன வாரத்தில்தான், மருந்துக்கடைக்கு மேலே இரண்டு அறைகளில் இயங்கிய ஒரு புதிய நிறுவனம் அவளை வேலைக்கு எடுத்தது.

சூப்பர் மார்க்கெட்டுகளுக்குச் சரக்கு தருகிறவர்களைத் தேடிக் கொடுப்பது அந்த நிறுவனத்தின் தொழில். தேடுவது மனிதர் அல்ல, செயற்கை நுண்ணறிவு. கடைக்காரர் தனக்கு என்ன வேண்டும் என்று எழுதுவார். அது இணையம் முழுவதும் துழாவி, அந்தப் பொருளைச் செய்கிறவர்களைக் கண்டுபிடித்து, ஒவ்வொருவருக்கும் தானே செய்தி அனுப்பும். வருகிற பதில்களைப் படித்து, நம்பத் தகுந்தவர் மேலே, மற்றவர் கீழே என்று வரிசைப்படுத்தும். அலுவலகத்தில் அதற்குத் 'தரகர்' என்று பெயர். "ரெண்டு பக்கமும் நல்ல வார்த்தை சொல்லிச் சேர்த்து வைக்குதுல்ல, அப்ப தரகர்தான்" என்று பெயர் வைத்தது, அதை எழுதிய குழுவில் இருந்த, மூக்கில் எப்போதும் நழுவும் கண்ணாடி போட்ட பெண். அவளைக் 'கண்ணாடி' என்றார்கள். நிறுவனத்தைத் தொடங்கிய இளைஞன் 'பாஸ்'. பாதி மரியாதை, பாதி கேலி.

வரிசையில் மேலே வரும் மூன்று பேரைத் தொலைபேசியில் அழைத்து, உண்மையிலேயே இருக்கிறார்களா, சொன்னதைச் செய்வார்களா என்று கேட்டு, பச்சைக் குறி போடுவது அவள் வேலை. அந்தக் குறி இல்லாமல் எதுவும் கடைக்குப் போகாது. அவள் எதற்குக் குறி போடுகிறாள் என்று பார்த்துப் பார்த்துத் தரகரும் கற்றுக்கொள்ளும் என்று கண்ணாடி முதல் நாளே விளக்கியிருந்தாள். எல்லாரிடமும் எல்லாவற்றையும் இரண்டு முறை கேட்பாள். "மாசாமாசம் தருவீங்களா?" "தருவோம் மேடம்." "நிச்சயமா தருவீங்களா?" "நிச்சயமா மேடம்." அதற்குப் பிறகே குறி. அதனால் அலுவலகத்தில் அவளுக்கு 'டபுள்செக் அக்கா' என்று பெயர்.

அவளுக்கு ஒரு தம்பி. ஊருக்கு வெளியே கோழிப்பண்ணை வைத்திருந்தான். பெரிய பண்ணை இல்லை, இரண்டு ஷெட்தான். அவனிடம் ஒரு வழக்கம் உண்டு. யார் எதைக் கேட்டாலும், தன்னால் முடியாததை முதலில் சொல்வான். திருமணம் பேசிய நாளில் பெண்ணிடம் தனியாகப் பேச ஐந்து நிமிடம் கொடுத்தார்கள். "எனக்குக் கோபம் வந்தா பல நாள் பேச மாட்டேன். சினிமாவுக்குக் கூட்டிட்டுப் போக நேரமிருக்காது. என் மேல கோழி வாசம் போகவே போகாது" என்று சொல்லிவிட்டு வந்தான். அந்தப் பெண்ணே இப்போது அவன் மனைவி. "அதுக்கப்புறம் நல்லது ஏதாவது சொல்வாருன்னு காத்துக்கிட்டிருந்தேன் அண்ணி. இன்னும் காத்துக்கிட்டுதான் இருக்கேன்" என்பாள்.

இதை நேர்மை என்று பெயரிட்டு முடித்துவிடலாம். ஆனால் அதில் ஒரு சௌகரியமும் இருந்தது. முதலிலேயே முடியாது என்றவனிடம், பிறகு ஏன் முடியவில்லை என்று யாரும் வந்து நிற்பதில்லை. அவனுக்கு அந்த நிம்மதி வேண்டியிருந்தது. அவன் அக்காவுக்கோ எந்த நிம்மதியும் ஒட்டுவதில்லை. ஒரே வீட்டில் வளர்ந்த இரண்டு பேர் ஒரே பயத்தை இரண்டு விதமாகச் சமாளித்தார்கள் என்றுதான் சொல்ல வேண்டும்.

தம்பியிடம் பெரும்பகுதி முட்டை வாங்கிக்கொண்டிருந்த ரொட்டித் தொழிற்சாலை, ஒருநாள் உடைத்து வடிகட்டிய முட்டைக் கரைசலை டின்னில் வாங்கத் தொடங்கியது. முழு முட்டை அவர்களுக்கு இனி வேண்டாம். வேறு ஆள் கிடைக்காவிட்டால் ஒரு ஷெட்டை மட்டுமல்ல, இரண்டையும் மூட வேண்டியதுதான் என்று தம்பி மனைவி போனில் அழுதாள். அந்த மாதமே ஒரு சூப்பர் மார்க்கெட் தன் கிளைகளுக்கு முட்டை வேண்டும் என்று தரகரிடம் கேட்டது. தெரிந்த பண்ணை இருந்தால் சேர்க்கலாம் என்று அலுவலகத்தில் அனுமதி உண்டு. அவள் தம்பியின் பண்ணையைச் சேர்த்தாள். தரகர் மற்றப் பண்ணைகளுக்கு அனுப்பியது போல அவனுக்கும் செய்தி அனுப்பியது. அவன் பதில் எழுதினான்.

"வருடத்தில் சில மாதங்கள் பாதி முட்டைதான் தர முடியும். வெயில் கூடினால் அதுவும் குறையும். எங்கள் சந்துக்குள் லாரி திரும்பாது, சின்ன வேன்தான் வர முடியும். ஞாயிற்றுக்கிழமை போன் எடுக்க மாட்டோம். மற்றபடி முட்டை நன்றாக இருக்கும்."

தரகர் அவனைக் கடைசிப் பக்கத்தில் போட்டது.

அவள் கண்ணாடியின் மேசைக்குப் போய் நின்றாள். "இது என்ன, என் தம்பி கடைசில கிடக்கிறான்?"

கண்ணாடி பதிலைப் படித்துவிட்டுச் சிரித்தாள். "அக்கா, இது முட்டை விக்கிறவர் எழுதுன மாதிரியா இருக்கு? முட்டை வாங்காதீங்கன்னு எழுதுன மாதிரி இருக்கு. முதல் வரியிலேயே முடியாதுன்னா தரகர் என்ன பண்ணும்?"

"ஏன் பாதின்னு கேட்கக் கூடாதா அது?"

"கேட்கும். மேல இருக்கிறவங்ககிட்ட."

மாலையில் தம்பிக்குப் போன் செய்தாள். பின்னால் கோழிகளின் இரைச்சல்.

"டேய், நல்லதை முதல்ல எழுதினா உனக்கு என்ன குறைஞ்சிடும்?"

"நல்லதைத்தான் கடைசில எழுதியிருக்கேனே."

"கடைசி வரி வரைக்கும் யாருடா படிக்கிறா?"

"படிக்காத ஆளுக்கு நான் எதுக்கு முட்டை கொடுக்கணும்? நல்லா வாய்ச்சுதுக்கா உன் கம்பெனி. இந்தா, இவகிட்ட பேசு."

போன் தம்பி மனைவியிடம் போனது. அவள் வாசலுக்கு நகர்ந்து, குரலைத் தணித்தாள். "அண்ணி, இவரை வச்சுக்கிட்டு ஒண்ணும் ஆகாது. அந்தச் செய்தி வருதுல்ல, அது உங்க போனுக்கே வர்ற மாதிரி பண்ணிடுங்க. நீங்களே எழுதிடுங்க. இவருக்கு முட்டை போனா போதும், எப்படிப் போச்சுன்னு கேட்க மாட்டாரு."

அவளிடம் பழைய கிடங்கு வேலை நாட்களின் இன்னொரு போன் இருந்தது. பண்ணையின் எண் என்று அதையே மாற்றிக் கொடுத்தாள்; தரகரின் செய்தி அதற்கு மறுபடி வந்தது. குக்கரில் உருளைக்கிழங்கு வெந்துகொண்டிருக்க, சமையல் மேடையில் சாய்ந்து நின்றபடி தம்பியின் பதிலைத் திருத்தினாள். முதலில் வரிசையை மட்டும்தான் மாற்றினாள். முட்டை நன்றாக இருக்கும் என்பது மேலே போனது. வேன் விஷயம் "சிறிய வேனில் உடனுக்குடன் அனுப்பப்படும்" என்றானது. ஞாயிற்றுக்கிழமையும் பாதி முட்டையும் காணாமல் போயின. அனுப்பிய அடுத்த விநாடியே தரகர் நன்றி சொல்லி ஒரு கேள்வி கேட்டது: ஆண்டு முழுவதும் ஒரே அளவில் தர முடியுமா? கீழே இரண்டு பொத்தான். ஆம். இல்லை. அதற்கும் கீழே, ஏதாவது சொல்ல விரும்பினால் என்று ஒரு காலிப் பெட்டி.

பாதி முட்டை என்று தம்பி ஏன் எழுதினான் என்று அவளுக்குத் தெரியும். கோழிக்கு வயதானால் முட்டை குறையும், ஓடு மெல்லியதாகும். அப்போது அந்த ஷெட்டை முழுக்கக் காலி செய்து, கழுவி, காயவிட்டு, புதுக் கோழி விட வேண்டும். புதுக் கோழி நன்றாக இடத் தொடங்கும் வரை இன்னொரு ஷெட்டின் முட்டைதான். அதைப் பெட்டியில் எழுதிவிடலாம் என்றுதான் நினைத்தாள். குக்கர் விசில் அடித்தது. அடுப்பை அணைத்துவிட்டு வந்து, ஆம் என்று தட்டினாள். பெட்டியைப் பிறகு நிரப்பலாம் என்று பார்த்தபோது திரை மாறியிருந்தது. திரும்பிப் போக வழி இருந்தது. போகவில்லை.

"யாருக்கு எழுதற?" என்றார் கணவர்.

"தம்பிக்கு."

"தம்பிக்கா, தம்பியாவா?"

அவள் கிழங்கை உரிக்க ஆரம்பித்தாள், சூடு ஆறுவதற்கு முன்னாலேயே.

காலையில் தம்பியின் பண்ணை வரிசையில் முதலில் நின்றது. அலுவலகத்தில் எல்லாரும் இருந்தார்கள். அவள் வழக்கம்போல முதல் எண்ணை அழுத்தினாள். மேசையின் கீழே, அவள் கைப்பைக்குள், ஒரு போன் அடித்தது.

அடிப்பது எந்தப் போன் என்று அவளுக்கு ஒரு நொடி புரியவில்லை. அதுதான் அவளைப் பிறகு அதிகமாக உறுத்தியது. அந்த ஒரு நொடி, யாரோ ஒரு பண்ணைக்காரர் போனை எடுக்கப் போகிறார் என்று உண்மையாகவே காத்திருந்தாள்.

"அக்கா, உங்க பை அடிக்குது" என்றாள் கண்ணாடி.

"வீட்டு போன். அப்புறம் பார்த்துக்கறேன்."

இந்த அழைப்பைத் துண்டித்தாள், அந்த அடிப்பு நின்றது. கேட்பவளும் அவளே, பதில் சொல்பவளும் அவளே என்றால் கேள்விக்கு என்ன வேலை? பச்சைக் குறியைப் போட்டாள். பிறகு அடுத்த இரண்டு பண்ணைகளை அழைத்து, ஒவ்வொன்றையும் இரண்டு முறை கேட்டாள். அன்றைக்குப்போல அவ்வளவு கறாராக அவள் யாரையும் கேட்டதில்லை.

கடை தம்பியைத் தேர்ந்தெடுத்தது. அதன்பின் வந்த வாரங்கள் வெளியிலிருந்து பார்த்தால் நல்ல வாரங்கள். வேன் போனது, முட்டை அட்டைகள் இறங்கின, கடையிலிருந்து ஒரு புகாரும் இல்லை. தம்பி மனைவி போனில் பாடினாள். பாஸ், முதலீட்டாளர்களுக்குக் காட்டுவதற்காகச் செய்துகொண்டிருந்த படக்காட்சியில் தம்பியின் ஷெட் புகைப்படத்தைப் போட்டு, 'யார் கண்ணிலும் படாத பண்ணையைத் தரகர் கண்டுபிடித்தது' என்று எழுதினான்.

"அக்கா, இதுதான் நம்ம கதை" என்றான். "பெரிய ஆளுங்களுக்கு நடுவுல ஒரு சின்ன ஆள். கேட்டாலே புல்லரிக்குதுல்ல?"

"எனக்கு ஏசிக்குப் பக்கத்துல உட்கார்ந்தாலே புல்லரிக்கும்" என்று சொல்லிவிட்டு எழுந்து போய்விட்டாள். தண்ணீர் குடிக்கப் போனாள், குடிக்காமல் வந்தாள். அலுவலகத்துக்கு அருகிலேயே அந்தக் கடையின் ஒரு கிளை இருந்தது. மதிய இடைவேளையில் அங்கே போய், முட்டை அடுக்கியிருக்கும் இடத்துக்கு எதிரே, எதையோ தேடுகிறவள்போல நிற்பாள். அடுக்கு நிறைந்திருக்கும். பாதி காலியான அடுக்கைத்தான் அவள் கண் பார்த்துக்கொண்டிருக்கும்.

அந்தச் சமயத்தில்தான் தம்பி பேச்சுவாக்கில் சொன்னான். "வர்ற மாசம் பழைய ஷெட்டைக் காலி பண்ணிடறேன்கா. கடைல சொல்லியாச்சுல்ல, பாதிதான் வரும்னு?"

"ம்."

"நீ எழுதியிருப்பன்னு தெரியும். நீ எதையும் ரெண்டு தடவை பார்க்கிற ஆளாச்சே."

பாராட்டு என்று அவன் வாயிலிருந்து வந்தது அவளுக்கு நினைவு தெரிந்து அதுதான். கடை, அதுவரை முட்டை தந்துகொண்டிருந்த பழைய ஆளை அந்த வாரம்தான் நிறுத்தியிருந்தது. ஷெட் காலியாகும் நாளில் அத்தனை கிளைகளிலும் அடுக்கு பாதியாகும். வாக்குத் தவறியவன் என்று அவள் தம்பி பெயர் போகும், தான் கொடுக்காத வாக்குக்காக. இப்போதே சொன்னால் ஆர்டரும் போகும், அவள் வேலையும் போகலாம். சொல்லாவிட்டால் அவன் பெயர். இந்த மூன்றையும் மனதுக்குள் மாற்றி மாற்றி அடுக்கினாள், உப்பு டப்பாவைப் போல.

ஞாயிற்றுக்கிழமை பண்ணைக்குப் போனாள். தம்பி ஷெட்டுக்குள், கூண்டு வரிசைகளுக்கு நடுவே, சரிவில் உருண்டு வந்து நிற்கும் முட்டைகளைப் பொறுக்கி அட்டையில் வைத்துக்கொண்டிருந்தான். அவளும் பொறுக்க ஆரம்பித்தாள்.

"பழைய கோழிங்களை இன்னும் கொஞ்ச நாள் வச்சிருந்தா என்ன?"

அவன் ஒரு முட்டையை எடுத்து அவள் உள்ளங்கையில் வைத்தான். "லேசா அமுக்கு."

ஓடு நெளிந்து உடைந்தது. விரலிடுக்கில் வெள்ளைக்கரு வழிந்தது.

"இதைக் கடைல வச்சா யார் வாங்குவா?"

"அப்ப பக்கத்துப் பண்ணைல வாங்கி, நம்ம பெட்டில போட்டு..."

அவன் கை நின்றது. "எதுக்கு? பாதிதான் வரும்னு அவங்களுக்குத் தெரியும்ல?"

அவள் கையைத் துடைக்கத் துணி தேடினாள். எங்கேயும் இல்லை. புடவையிலேயே துடைத்தாள்.

"அக்கா. எழுதினியா இல்லையா?"

"இல்ல. ஆம்னு போட்டேன். வருஷம் பூரா தருவோம்னு."

வாசலில் தீவன மூட்டையைப் பிரித்துக்கொண்டிருந்த தம்பி மனைவி ஓடி வந்தாள். "நான்தாங்க எழுதச் சொன்னேன். அண்ணியைத் திட்டாதீங்க."

"எழுதச் சொன்ன. பொய் எழுதச் சொன்னியா?"

"ரெண்டு ஷெட்டும் மூடியிருக்கும்."

"மூடியிருந்தா மூடினேன்னு இருந்திருக்கும்." அவன் அக்காவைப் பார்த்துச் சொன்னான்: "முடியாதுன்னு சொல்ற ஒரு வார்த்தைதான்கா என்கிட்ட இருந்தது. அதையும் எடுத்துட்டு என் பேரை மட்டும் அங்க வச்சுட்டு வந்திருக்க."

பிறகு அவன் வேலைக்குத் திரும்பினான். முட்டைகளைப் பொறுக்கினான். அவள் பொறுக்கி வைத்த அட்டையையும் எடுத்து, ஒவ்வொன்றாகத் திருப்பிப் பார்த்து அடுக்கினான். அவள் அங்கே நின்றாள், வெளியே போனாள், மறுபடி உள்ளே வந்தாள். பேருந்து நிறுத்தம்வரை தம்பி மனைவிதான் உடன் நடந்தாள். வழியில் இருவரும் மழையைப் பற்றிப் பேசினார்கள்.

மறுநாள் காலை பாஸின் மேசை முன் நின்று எல்லாவற்றையும் சொன்னாள். கைப்பைக்குள் போன் அடித்ததையும். கண்ணாடி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள், பிறகு சிரிப்பதை நிறுத்தினாள்.

பாஸ் நாற்காலியைச் சுழற்றினான். "உட்காருங்கக்கா."

"பரவாயில்ல."

"அடுத்த வாரம் முதலீட்டாளருங்க வர்றாங்க. அது முடியட்டும். அதுவரைக்கும் கடைக்கு எதுவும் சொல்ல வேணாம். ஷெட் மாத்துறதைக் கொஞ்சம் தள்ளிப் போடச் சொல்லுங்க."

"கோழிக்கு முதலீட்டாளர் வர்றது தெரியாது."

"அக்கா, ஜோக் அடிக்கிற நேரமா இது?"

கண்ணாடி அதற்குள் தன் கணினியில் எதையோ தேடியிருந்தாள். "ஒரு நிமிஷம் வாங்க ரெண்டு பேரும்." அந்தக் கடைக்கு முட்டை தருவதாகப் பதில் அனுப்பிய பண்ணைகள் எல்லாம் திரையில் இருந்தன. ஆண்டு முழுவதும் ஒரே அளவா என்ற கேள்விக்கு, மேலே இருந்த ஒவ்வொரு பண்ணையும் ஆம் என்று போட்டிருந்தது. காலிப் பெட்டி எல்லாவற்றிலும் காலி. "அக்கா, உங்க தம்பி மட்டும்தான் ஷெட் மாத்துவாரா? மத்தவங்க கோழிக்கெல்லாம் வயசே ஆகாதா?"

அவள் திரையைப் பார்த்தாள். மற்ற இரண்டு பண்ணைகளையும் அவள்தான் அழைத்தாள். நிச்சயமா என்று கேட்டாள், நிச்சயமா என்றார்கள், குறி போட்டாள். கோழிக்கு வயதாகும் என்பது தம்பி வீட்டுத் தொல்லையாக அவளுக்குத் தெரிந்திருந்தது. தொழிலின் இயல்பு அது என்று தோன்றியதே இல்லை.

"தரகர் ஏன் இவங்களை மேல வச்சுது?" என்றாள்.

கண்ணாடி தன் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள். அவளுக்குச் சொல்லப் பிடிக்கவில்லை என்று தெரிந்தது. "நீங்க யாருக்குக் குறி போடுறீங்களோ, அந்த மாதிரி ஆளைத்தான் அது மேல கொண்டு வரும். உடனே பதில் சொல்றவங்க, இழுக்காம ஆம்னு சொல்றவங்க. ஆரம்பத்துல இருந்து அப்படித்தான் போட்டுக்கிட்டு வர்றீங்க."

இரண்டு முறை கேட்பதை அவள் சோதனை என்று நினைத்திருந்தாள். ஒரே கேள்வியை இரண்டு முறை கேட்டால் ஒரே பதில் இரண்டு முறை வரும். பூட்டை இழுத்துப் பார்க்கிறவளுக்கு, பூட்டு பூட்டியிருக்கிறது என்பது மட்டும்தான் தெரியும். ஜன்னல் திறந்து கிடப்பது தெரியாது.

பாஸ் மறுபடியும் அடுத்த வாரம் என்றான். அவள் சரி என்று சொல்லிவிட்டுத் தன் மேசைக்கு வந்து, போனை எடுத்து, எல்லார் காதிலும் விழும்படியே சூப்பர் மார்க்கெட்டின் கொள்முதல் மேலாளரை அழைத்தாள். தன் தம்பி தரகருக்கு முதலில் எழுதியதை எடுத்து வைத்துக்கொண்டு, அதை அப்படியே முதல் வரியிலிருந்து படித்தாள். பிறகு அதை மாற்றியது தான்தான் என்றாள்.

மேலாளருக்கு நல்ல தொண்டைக்கட்டு. நெடுநேரம் இருமினார். "உங்க தம்பி மோசம்னு நான் சொல்லலம்மா. எங்ககிட்ட சொன்னது ஒண்ணு, நடக்கப்போறது ஒண்ணு. அதுக்கு எங்க விதி ஒண்ணே ஒண்ணுதான். மாசக் கடைசியோட நிறுத்திக்கறோம். முன்னாடியே சொன்னீங்க, அதனால அபராதம் இல்ல." மறுபடி இருமல். "நீங்க அனுப்பின மத்த ரெண்டு பண்ணையும் எப்ப ஷெட் காலி பண்ணுவாங்க?"

"தெரியாது சார். கேட்கல."

"கேளுங்க."

படக்காட்சியிலிருந்து தம்பியின் ஷெட் எடுக்கப்பட்டது. அந்த இடத்தில் ஒரு தேன் பண்ணை வந்தது. முதலீட்டாளர்கள் வந்தார்கள், பார்க்கலாம் என்று சொல்லிவிட்டுப் போனார்கள். பாஸ் அவளை வேலையைவிட்டு அனுப்பவில்லை. அது பெருந்தன்மையா, அவள் இடத்துக்கு ஆள் தேடச் சோம்பலா என்று தெரியவில்லை. ஆனால் தன் சொந்தக்காரர், தெரிந்தவர் யாருக்கும் ஒருவர் தானே குறி போடக்கூடாது, இன்னொருவர் அழைத்துக் கேட்க வேண்டும் என்று விதி எழுதினான். அது அவளுக்காக எழுதப்பட்டது என்று எல்லாருக்கும் தெரியும்.

தம்பி பழைய ஷெட்டைக் காலி செய்தான், மறுபடி கோழி விடவில்லை. ஒரு ஷெட்டோடு நிறுத்திக்கொண்டான். பக்கத்து விடுதிகளுக்கும் தெருக் கடைகளுக்கும் அவனே வேனில் கொண்டுபோய்ப் போட்டான். அக்காவோடு பேசவில்லை. கோபம் வந்தால் பல நாள் பேச மாட்டேன் என்று அவன் முன்பே சொன்னவன்தானே. "நல்லா இருக்காரு அண்ணி. சாப்பிடறாரு. உங்களைப் பத்தி எதுவும் சொல்லல, அது ஒரு நல்ல அறிகுறி" என்றாள் அவன் மனைவி.

அவள் அழைக்கும் முறை மாறியது. மேலே இருக்கிறவர்களிடம் "உங்களால எது முடியாது?" என்று முதலில் கேட்டாள். பெரும்பாலும் "எல்லாம் முடியும் மேடம்" என்றார்கள். சிலர் கோபித்தார்கள். சோப்பு செய்கிற ஒருவர் "யாரு மேடம் நீங்க, போட்டிக் கம்பெனியா?" என்று கேட்டார். அதோடு, நேரம் கிடைக்கும்போது கடைசிப் பக்கத்திலிருந்தும் கூப்பிடத் தொடங்கினாள்.

"மேல இருக்கிறவங்களைக் கூப்பிடத்தான்கா உங்களுக்குச் சம்பளம்" என்றான் பாஸ்.

"அவங்களையும்தான் கூப்பிடறேன்."

கடைசிப் பக்கத்தில் பெரும்பாலும் குப்பைதான். மூடிப்போன கம்பெனிகள், பொய் எண்கள், எதற்கும் தகுதியில்லாதவர்கள். தரகர் முழு முட்டாள் ஒன்றும் இல்லை என்று அவள் கணவரிடம் ஒப்புக்கொண்டாள். அவர் ஒரு கடைவாய்ப் பல்லை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துக்கொண்டு, "எல்லாரும் கொஞ்சம் கொஞ்சம் முட்டாள்தான். இதைக் கடிச்சுப் பார்த்தாதான் தெரியும்" என்றார்.

பிறகு ஒரு சின்னக் கடைக்கு, ஒரே ஒரு கிளைக்கு, முட்டை வேண்டும் என்று கேட்டு வந்தது. அவள் கடைசிப் பக்கத்துக்குப் போனாள். நான்கே வரியில் ஒரு பதில் இருந்தது. "ஒரு ஷெட்தான் இருக்கிறது. அதையும் காலி செய்கிற மாதங்களில் முட்டையே வராது. ஞாயிற்றுக்கிழமை போன் எடுக்க மாட்டோம்." கடைசி வரியில், முட்டை நன்றாக இருக்கும் என்று இருந்தது. எண் அவள் பைக்குள் இருக்கும் போனுடையதல்ல.

எண்ணை அழுத்துவதற்கு முன் அறையை ஒரு சுற்று நடந்தாள். பிறகு அழைத்தாள். நெடுநேரம் அடித்தது.

"யாரு?"

தன் குரல் அவனுக்குத் தெரிந்துவிட்டது என்று அவளுக்குத் தெரிந்தது. "முட்டை விஷயமா சரிபார்க்கக் கூப்பிடறோம். பேசலாமா?"

கோழிகளின் சத்தம் மட்டும் கேட்டது. வைத்துவிடுவான் என்று நினைத்தாள்.

"பேசலாம். முடியாததை முதல்ல சொல்லிடறேன்."

"சொல்லுங்க."

அவன் சொன்னான். காலி செய்யும் மாதம், வெயில், சந்து, வேன். அவள் ஒவ்வொன்றையும் காலிப் பெட்டியில் எழுதினாள்.

"இன்னொண்ணு. போன தடவை எங்க பேர்ல வேற ஒருத்தங்க பதில் எழுதிட்டாங்க. அதையும் எழுதிக்கோங்க."

"எழுதியாச்சு."

"அவங்க இன்னும் அங்கதான் வேலை பார்க்கிறாங்களா?"

"பார்க்கிறாங்க."

"அப்ப வேற யாரையாவது கூப்பிடச் சொல்லுங்க" என்று வைத்துவிட்டான். அதில் சிரிப்பு இருந்ததா இல்லையா என்று அவளால் உறுதியாகச் சொல்ல முடியவில்லை.

கண்ணாடியின் மேசையில் எண்ணை எழுதி வைத்தாள். "இவரை நீ கூப்பிட்டுக் கேளு. நான் குறி போடக்கூடாது." வேலை முடிந்து, பையை எடுத்துக்கொண்டு படியிறங்கினாள். மருந்துக்கடையைத் தாண்டித் தெருமுனைவரை போனபோது அந்தப் பழைய சந்தேகம் வந்தது. பெட்டியை நிரப்பிய கை, பழக்கத்தில் குறியையும் போட்டிருக்குமோ? திரும்பி வந்து மூச்சிரைக்க மாடி ஏறினாள்.

திரையில் அவள் குறி போடும் இடம் காலியாகத்தான் இருந்தது. போடவில்லை. பின்னால் கண்ணாடி போனைத் தோளில் இடுக்கிக்கொண்டு எழுதிக்கொண்டிருந்தாள். எழுதியதை நிறுத்திவிட்டு, பொறுமை போன குரலில் கேட்டாள்:

"எல்லாம் சரி சார், அப்ப எதுதான் முடியும் உங்களால?"

அவள் வாசலிலேயே நின்று, பதில் வரட்டும் என்று காத்திருந்தாள்.